கதை இல்லாத குறும்படம்: ஒரு தறிப்பட்டறையை நான்கு நிமிடமாக்குவது எப்படி

கதை சொல்லாத குறும்படம் எடுக்க வேண்டும் என்று வருபவர்களில் பாதிப் பேர் எடுத்து முடித்துவிட்டுத்தான் வருகிறார்கள். போனில் 200 கிளிப் இருக்கும். மழைத்துளி, ரயில் ஜன்னல், பாட்டியின் கை, தெருநாய், மேகம். "எடிட்ல ஏதாவது பண்ணிடலாம்ல?" என்பார்கள். பண்ண முடியாது. நானும் ஒருமுறை அப்படி இரண்டு மாதம் டைம்லைன் முன்னால் உட்கார்ந்து வீணடித்திருக்கிறேன்.

கதைப்படத்தில் அடுத்த ஷாட் எது என்பதைக் கதையே சொல்லிவிடும். கதையை எடுத்துவிட்டால் அந்த வேலையை வேறு ஏதாவது செய்தாக வேண்டும். அதை நான் விதி என்கிறேன். கேமராவைத் தொடும் முன்பே அது காகிதத்தில் இருக்க வேண்டும்.

பள்ளிபாளையம் பக்கம் எட்டு விசைத்தறி ஓடும் ஒரு பட்டறையில் நான்கு நிமிடப் படம் ஒன்றை எடுத்து முடித்தேன். கீழே உள்ள வரிசை அதிலிருந்து வந்தது. பிறகு சிலர் தங்கள் படத்தைச் செய்யும்போது பக்கத்தில் இருந்து பார்த்தேன். அவர்கள் தடுக்கிய இடங்களையும் சேர்த்திருக்கிறேன்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

ஷட்டர், ஃபிரேம் வேகம், ஃபோகஸ் மூன்றையும் கையால் பூட்டக்கூடிய ஒரு கேமரா ஆப். பிளாக்மேஜிக் கேமரா ஆப் இலவசம், ஆண்ட்ராய்டிலும் ஐபோனிலும் கிடைக்கிறது. ஆடாத டிரைபாட். ஒலிக்குத் தனியாக ஒரு ரெக்கார்டர், இல்லையென்றால் இரண்டாவது போன். காதை முழுக்க மூடும் ஹெட்போன். ஒரு கோடு போட்ட நோட்டு. எடிட் செய்யக் கணினியில் டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும்.

போனில் எவ்வளவு இடம் வேண்டும் என்ற கணக்கை முன்பே போடுங்கள். ஐபோனின் சாதாரண செட்டிங்கில் விநாடிக்கு 30 ஃபிரேமில் 1080பி ஒரு நிமிடத்துக்குச் சுமார் 60 எம்பி, 4கே சுமார் 170 எம்பி. நான் மொத்தம் 90 நிமிடம் எடுத்தேன். 1080பி-யே போதும் என்று முடிவு செய்ததற்குக் காரணம் தரமல்ல, என் பழைய லேப்டாப். எடிட்டில் ஒரு ஃபிரேம் முன்னே பின்னே நகர்த்திப் பார்க்கும்போது கணினி திணறினால் பொறுமை போய்விடும்.

அனுமதி இரண்டு தடவை வாங்க வேண்டும். பட்டறைக்காரரிடம் ஒன்று, தறி ஓட்டுபவரிடம் ஒன்று. முதலாளி சரி என்றால் எல்லாம் சரி என்று நினைப்பது பெரிய தப்பு. தறி ஓட்டுபவருக்குக் கூலி மீட்டர் கணக்கில். உங்கள் டிரைபாட் அவர் நடக்கும் வழியில் நின்றால், போவது அவர் காசு.

2. திரும்பத் திரும்ப நடக்கும் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள்

முதல் படத்துக்கு "தனிமை", "காலம்", "நகரம்" எல்லாம் வேண்டாம். தனிமையைப் படமெடுக்கப் போனவர்கள் எல்லோரும் ஒரு காலி நாற்காலியோடுதான் திரும்பி வருகிறார்கள்.

பொருள் பார்க்கக்கூடியதாக இருக்க வேண்டும். தானாகத் திரும்பத் திரும்ப நடக்க வேண்டும். பத்து நாள் போனாலும் அங்கேயே இருக்க வேண்டும். தறி, பரோட்டாக்கல், செங்கல் சூளை, பேருந்து நிலையத்துத் தூண், எதுவும் சரி. திரும்ப நடப்பதால் உங்களுக்கு மறு டேக் இலவசம். இன்று தவறவிட்ட கோணத்தை நாளை எடுக்கலாம். அதைவிட முக்கியம், திரும்ப நடப்பதில் ஏற்கெனவே ஒரு தாளம் இருக்கிறது. தாளத்தை நீங்கள் கண்டுபிடிக்க வேண்டியதில்லை, எண்ணினால் போதும்.

3. மூன்று வரியில் விதி எழுதுங்கள்

இந்தப் படிக்குத்தான் ஆட்கள் பத்து நிமிடம் ஒதுக்குகிறார்கள். எனக்கு ஒரு வாரம் ஆனது.

முதல் வரி, சட்டகத்துக்குள் எதற்கு இடம், எதற்கு இடமில்லை. இரண்டாம் வரி, ஒரு ஷாட் எவ்வளவு நேரம் நிற்கும் என்பதை எது தீர்மானிக்கிறது. மூன்றாம் வரி, தொடக்கத்துக்கும் முடிவுக்கும் இடையில் எது மாறுகிறது.

என் விதி இது: "கையும் இயந்திரமும் மட்டும், முகம் கிடையாது. ஷாட்டின் நீளத்தைத் தறி அடிக்கும் அடி எண்ணும். நூலில் தொடங்கி ஓட்டுக்கூரையில் முடியும்."

முகத்தை ஏன் விலக்கினேன்? ஒரு முகத்தைக் காட்டி அடுத்து ஓடும் தறியைக் காட்டினால், பார்ப்பவர் அந்த முகத்துக்கு ஒரு எண்ணத்தைக் கொடுத்துவிடுவார். களைப்பு, கவலை, ஊர் நினைப்பு, ஏதோ ஒன்று. ஒரே ஒரு முகம் போதும், படம் அந்த மனிதரின் கதையாகிவிடும். அது தவறில்லை, வேறு படம். முகம் வேண்டுமென்றால் முகங்கள் மட்டும் என்று விதி எழுதுங்கள். இருபது முகம் வந்தால் எவரும் நாயகனாக மாட்டார்.

மூன்றாம் வரியைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். ஒரு நண்பர் மீன் மார்க்கெட்டில் பிரமாதமான ஷாட்டுகள் எடுத்தார். முதல் வரி இருந்தது, இரண்டாவதும் இருந்தது. படத்தை எந்த நிமிடத்தில் நிறுத்தினாலும் ஒன்றுபோலவே இருந்தது. "வெளிச்சம் ஏறிக்கொண்டே போகும்" என்று ஒரு வரி சேர்த்து, அதிகாலை இருட்டில் எடுத்தவற்றை முன்னால் வைத்ததும் படம் நிமிர்ந்து நின்றுவிட்டது.

பயிற்சிக்கு ஒரு விதி தருகிறேன். உங்கள் ஊர்க் கடைப் பலகைகள், முதல் எழுத்து அகர வரிசையில், அ முதல் ஔ வரை பன்னிரண்டு. இரண்டாம் வரி: பலகையை ஒருமுறை வாய்விட்டுப் படிக்கும் நேரம். மூன்றாவதை அகர வரிசையே பார்த்துக்கொள்ளும். அ, ஆ, இ எல்லாம் ஒரே தெருவில் கிடைத்துவிடும். ஔ-வுக்கு ஔவையார் பெயரில் ஏதாவது ஸ்டோர் தேடி ஊரையே சுற்ற வேண்டும். அந்த அலைச்சலில் நீங்கள் பார்க்கும் பலகைகள்தான் பயிற்சி.

4. கேமரா இல்லாமல் ஒரு நாள் போங்கள்

படத்துக்கு முன்னால் ஒலி. வரிசையை மாற்றாதீர்கள். கேமரா கையில் இருந்தால் கண் அழகான மூலையைத் தேடிப் போய்விடும், காது வேலை செய்யாது.

முதல் வேலை எண்ணுவது. தறியில் நாடா, அதாவது குறுக்கு நூலைச் சுமந்து ஓடும் கட்டை, ஒரு பக்கமிருந்து மறுபக்கம் பாய்ந்து, பலகை வந்து அந்தக் குறுக்கு நூலை, அதாவது ஊடையை, இறுக்குவதை ஓர் அடி என்று வைத்துக்கொள்வோம். முப்பது விநாடி ஓடவிட்டு எண்ணினேன். கதவோரத் தறியில் 60 அடி, அதாவது நிமிடத்துக்கு 120. மற்ற தறிகள் கொஞ்சம் முன்னே பின்னே. எட்டும் சேர்ந்து ஓடும்போது ஒன்றையொன்று துரத்தி, திடீரென ஒரு நொடி எல்லாம் ஒன்றாக அடித்துவிட்டு மீண்டும் கலைந்தன. இது கண்ணுக்குத் தெரிவதே இல்லை. படத்தின் நடுப்பகுதி முழுவதும் இந்த ஒரு விஷயத்தில்தான் நிற்கிறது.

அடுத்து பதிவு. ரெக்கார்டரில் தானியங்கி லெவலை அணையுங்கள். அது இயங்கினால் சத்தம் வரும்போது தாழ்த்தி, ஓயும்போது ஏற்றி, தறி மூச்சு வாங்குவதுபோல் கேட்கும். உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி கையால் வையுங்கள். உடைந்த ஒலியை எந்த மென்பொருளும் ஒட்டித் தராது. 48 கிலோஹெர்ட்ஸில் பதியுங்கள், வீடியோவின் வழக்கமான அளவு அதுதான். நாடாவுக்குப் பக்கத்தில், பட்டறை நடுவில், வாசலுக்கு வெளியே, தார் (நாடாவுக்குள் வைக்கும் நூல் குச்சி) சுற்றும் மெஷின் அருகே என்று இடத்துக்கு இரண்டு நிமிடம். தறி கிளம்பும் சத்தமும் நிற்கும் சத்தமும் தனித்தனியாக. காதடைப்பான் போட்டுக்கொள்ளுங்கள், பட்டறையில் பஞ்சுக்குப் பஞ்சமில்லைதான், ஆனால் இந்தச் சத்தத்துக்குப் பஞ்சு போதாது.

அன்றைக்கு மதியம் கரண்ட் போனது. எட்டுத் தறியும் ஒரே நேரத்தில் நிற்கவில்லை. ஒவ்வொன்றும் தன் வேகத்தில் தளர்ந்து நின்றது. கடைசித் தறி நின்ற பிறகு, அதுவரை இருப்பதே தெரியாத ஒரு ரேடியோ கேட்டது, பேட்டரியில் ஓடிக்கொண்டிருந்தது. ரெக்கார்டர் ஓடிக்கொண்டிருந்ததால் கிடைத்தது. இதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

5. செட்டிங்கை ஒருமுறை பூட்டிவிட்டு மறந்துவிடுங்கள்

ஃபிரேம் வேகம் விநாடிக்கு 25. ஷட்டர், அதாவது ஒவ்வொரு ஃபிரேமும் வெளிச்சம் வாங்கும் நேரம், 1/50 அல்லது 1/100 விநாடி. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ட்யூப்லைட் விநாடிக்கு 100 தடவை மங்கி எரிகிறது. போன் தானாக 1/60 என்று வைத்துக்கொண்டால் படத்தில் கறுப்புப் பட்டைகள் மேலிருந்து கீழாக நகரும். எடுத்த இடத்தில் சின்னத் திரையில் தெரியாது, வீட்டுக்கு வந்தால்தான் தெரியும்.

எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு), ஃபோகஸ், ஒயிட் பேலன்ஸ் (நிறச் சாயல்) மூன்றையும் பூட்டுங்கள். நாடா பாயும்போது போன் ஃபோகஸைத் துரத்தினால் அந்த ஷாட் குப்பை. டிரைபாடில் இருக்கும்போது நடுக்கம் குறைக்கும் ஸ்டெபிலைசேஷனை அணையுங்கள், இல்லையென்றால் அசைவது தறியா கேமராவா என்று போன் குழம்பி ஓரங்களை இழுக்கும். போனைப் படுக்கையாக வைப்பதா நிமிர்த்தி வைப்பதா என்பதையும் இப்போதே முடிவு செய்யுங்கள். லென்ஸைப் பதினைந்து நிமிடத்துக்கு ஒருமுறை துடையுங்கள், பஞ்சுத் தூசி ஒட்டினால் படம் முழுக்கப் பனி மூட்டம்.

போன் சென்சார் படத்தை வரி வரியாகப் படிப்பதால், குறுக்கே வேகமாகப் பாயும் நாடா சாய்ந்து தெரியும். போனை 90 பாகை திருப்பினால் சாய்வதற்குப் பதில் நீளும் அல்லது குறுகும். இது பிழையா பொருளா என்பது உங்கள் விதியைப் பொறுத்தது. நான் சாய்வை வைத்துக்கொண்டேன்.

6. ஒவ்வொரு ஷாட்டும் இருபது விநாடி

பதிவை அழுத்திவிட்டு கையை எடுத்துவிடுங்கள். மனதுக்குள் இருபது எண்ணுங்கள். புதியவர்கள் மூன்று விநாடியில் நிறுத்திவிடுகிறார்கள், ரீல்ஸ் பழக்கம். மூன்று விநாடி ஷாட்டில் எங்கே வெட்டுவது என்று தேர்ந்தெடுக்க உங்களுக்கு இடமே இருக்காது. இருபதில் நாற்பது அடி கிடைக்கும், அதில் எந்த அடி சுத்தமாக இருக்கிறது என்று பார்த்து எடுக்கலாம்.

கேமராவை நகர்த்தாதீர்கள். பொருள் ஏற்கெனவே அசைகிறது, நீங்களும் அசைந்தால் தாளம் இரண்டாகும். ஒவ்வொரு கோணத்தையும் மூன்று அளவில் எடுங்கள்: நூல் தெரியும் நெருக்கம், கை தெரியும் நடுத்தரம், தறி முழுவதும். ஸ்லோ மோஷன் ஆசையை அடக்குங்கள். தறியை மெதுவாக்கினால் அடி காணாமல் போகிறது, உங்கள் இரண்டாம் வரியும் கூடவே போகிறது.

ஒரே நாளில் எடுத்து முடிக்க வேண்டியதில்லை. 1929-இல் டச்சு இயக்குநர்கள் யோரிஸ் ஐவன்ஸும் மன்னஸ் ஃபிராங்கனும் ஆம்ஸ்டர்டாமில் எடுத்த 'மழை' திரையில் ஒரே ஒரு மழைதான், எடுக்கப்பட்டது பல மாத மழைகளில். கதாபாத்திரத்தின் சட்டை மாறியதா என்ற கவலை இல்லாதது இந்த வகைப் படத்தின் பெரிய வசதி. பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

மூன்றாம் நாள் தறி ஓட்டும் அண்ணன் கேட்டார்: "ஏனுங் தம்பி, மூணு நாளா அந்தத் தறியவே புடிக்கறீங்க, அது எங்கயும் ஓடிப் போயிராதுங்க." இப்படிக் கேட்கும் அளவுக்கு ஒரே இடத்தில் நின்றிருந்தால் சரியாகப் போகிறீர்கள்.

7. பட்டியல் போடாமல் எடிட்டைத் திறக்காதீர்கள்

நோட்டில் ஒரு ஷாட்டுக்கு ஒரு வரி. கிளிப் எண், தறி எண், அளவு, அசைவு எந்தத் திசையில், வெளிச்சம், சுத்தமான அடிகள் எந்த விநாடியில். எனக்கு இரண்டு மாலை ஆனது. சலிப்பான வேலைதான். ஆனால் கதைப்படத்துக்குத் திரைக்கதை இருக்கிறது, உங்களுக்கு இந்த நோட்டு மட்டும்தான்.

8. ஃபிரேமில் எண்ணி வெட்டுங்கள்

முதலில் ஒரு எச்சரிக்கை. பல போன்களின் சொந்தக் கேமரா ஆப் ஃபிரேம் வேகத்தை நிலையாக வைத்திருப்பதில்லை. அந்த ஃபைலை அப்படியே போட்டால் ஒலியும் படமும் மெல்ல விலகும். ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் நிலையான 25 ஃபிரேமுக்கு மாற்றிவிட்டுப் போடுங்கள். ரிசால்வில் கிளிப்புகளை இழுத்துப் போடும் முன்பே ப்ராஜெக்ட்டை 25-க்கு வையுங்கள். போட்ட பிறகு அந்த செட்டிங்கை மாற்ற முடியாது, புதிதாகத் தொடங்க வேண்டிவரும்.

கணக்குக்கு வருவோம். நிமிடத்துக்கு 120 அடி என்றால் விநாடிக்கு இரண்டு. 25 ஃபிரேமில் ஓர் அடிக்கு பன்னிரண்டரை. அரை ஃபிரேமில் வெட்ட முடியாது. அதனால் 12, 13, 12, 13 என்று மாற்றி மாற்றி வெட்டினேன், அல்லது இரண்டு அடிக்கு ஒரு வெட்டு, சரியாக 25. நான்கு நிமிடத்துக்கு 6000 ஃபிரேம், 480 அடி. நோட்டில் 480 கட்டம் போட்டு, எந்தக் கட்டத்தில் எந்த ஷாட் என்று பென்சிலால் நிரப்பினேன். முதலில் காகிதம், பிறகு டைம்லைன். டைம்லைனில் நேராக உட்கார்ந்தால் பிடித்த ஷாட்டை நீளமாக விட்டுவிடுவீர்கள்.

எவ்வளவு நீளம் என்ன செய்கிறது என்பதைச் சும்மா வெட்டிப் பார்த்தே கற்றுக்கொள்ள வேண்டும். என் கண்ணுக்கு 3 ஃபிரேம் முகத்தில் ஒரு குத்து வாங்கியதுபோல் இருக்கிறது, என்ன பார்த்தோம் என்று தெரிவதில்லை. 6 ஃபிரேமில் கை என்று தெரிகிறது. 12-இல் கை என்ன செய்கிறது என்று தெரிகிறது. 100-ஐத் தாண்டினால் பார்வை சட்டகத்தின் ஓரங்களுக்கு அலையத் தொடங்குகிறது. இந்த நான்கையும் கலந்து வையுங்கள். எல்லா ஷாட்டும் 12 என்றால் அரை நிமிடத்தில் கண் மரத்துவிடும்.

இரண்டு ஷாட்டை எப்படி இணைப்பது? அர்த்தத்தை வைத்து இணைக்காதீர்கள். உழைக்கும் கை, அடுத்து வேர்வை, அடுத்து கூலி நோட்டு என்று வைத்தால் அது கட்டுரை. அசைவை வைத்து இணையுங்கள். நாடா வலது ஓரத்தில் மறையும் ஃபிரேமில் வெட்டி, அடுத்த ஷாட்டில் ஒரு கை இடது ஓரத்திலிருந்து நுழையும் ஃபிரேமில் தொடங்கினேன். நாடாவே கையாக மாறியதுபோல் இருந்தது. இந்த ஒரு வெட்டுக்காக ஒன்றிரண்டு ஃபிரேம் முன்னே பின்னே நகர்த்தி ஒரு முழு இரவு போனது. இரண்டு ஃபிரேம் தாமதமானால் அது வெறும் அடுத்த ஷாட்.

இப்போது கரண்ட் போன விஷயம். நான் அதைக் கடைசியில் வைத்தேன், எவராக இருந்தாலும் அங்கேதான் வைப்பார். தறிகள் ஒவ்வொன்றாக நின்று, ரேடியோ கேட்டு, படம் முடிகிறது. பார்த்த மூன்று பேரும் "விசைத்தறித் தொழில் அழிவதைப் பற்றிய படம்" என்றார்கள். நான் அப்படி எதுவும் சொல்லவில்லை, வரிசை சொல்லிவிட்டது. நின்றுபோவதை முடிவில் வைத்தால் மரணம், நடுவில் வைத்தால் இடைவெளி. அதை 2 நிமிடம் 10 விநாடிக்கு நகர்த்தி, கரண்ட் திரும்பி தறிகள் மீண்டும் ஒன்றையொன்று துரத்துவதை அதன்பின் வைத்தேன். ஷாட்டுகள் அதேதான், அந்த வாசிப்பு மட்டும் மறைந்தது. கதை இல்லை என்று நீங்கள் சொல்லிக்கொண்டாலும், பார்ப்பவர் முதல் ஷாட்டிலிருந்தே கதை தேடிக்கொண்டிருக்கிறார். படத்தின் கடைசி இருபது விநாடியைத் திரும்பத் திரும்ப சோதியுங்கள்.

என் முதல் வெட்டு ஏழு நிமிடம். மூன்று நிமிடம் வெளியே போனது. வருத்தமாகத்தான் இருந்தது.

9. ஒலியைப் படத்தோடு ஒட்டிவைக்க வேண்டியதில்லை

முதல் விதி, இசை வேண்டாம். குறைந்தபட்சம் எல்லா வெட்டும் இறுதியாகிப் படம் பூட்டப்படும் வரை வேண்டாம். ஒரு வயலின் வந்தால் தறி சோகமாகிவிடும், தம்புரா போல் விடாமல் நீளும் ஒரு டிரோன் ஒலி வந்தால் ஆன்மிகமாகிவிடும். வெட்டில் இருக்கும் ஓட்டையை இசை மூடிவிடும், பிறகு எங்கே ஓட்டை என்று உங்களுக்கே தெரியாது.

நான்காம் படியில் பதிந்தவற்றை வைத்துத் தனியாக ஒரு நான்கு நிமிட ஒலித்தடம் செய்யுங்கள். கண்ணை மூடிக் கேட்டாலும் அது நிற்க வேண்டும். பிறகு படத்தோடு சேருங்கள். சில இடங்களில் ஒட்டும், சில இடங்களில் விலகும். நெருக்கமான நூலைக் காட்டும்போது வாசலுக்கு வெளியே பதிந்த தூரத்து ஒலியை வைத்தேன். நூல் திடீரெனப் பெரிதானது. முழு உரப்பை நான்கு நிமிடமும் வைக்காதீர்கள், ஹெட்போனில் பார்ப்பவர் ஒரு நிமிடத்தில் கழற்றிவிடுவார்.

10. காட்டிப் பாருங்கள், "புரிந்ததா" என்று கேட்காதீர்கள்

அந்தக் கேள்விக்கு எல்லோரும் புரிந்ததாகவே நடிப்பார்கள். நான் கேட்பது மூன்று. எந்த இடத்தில் போனைப் பார்க்கத் தோன்றியது? கண்ணை மூடினால் எந்த ஷாட் நிற்கிறது? எவ்வளவு நேரம் ஓடியது என்று நினைக்கிறீர்கள்? நான்கு நிமிடத்தை ஆறு என்று சொன்னால் எங்கோ தளர்கிறது. இரண்டு பேர் ஒரே இடத்தைச் சொன்னால் அந்த இடத்தை வெட்டுங்கள். ஒருவர் மட்டும் சொன்னால் விட்டுவிடலாம்.

வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பாதீர்கள், சுருக்கிவிடும், உங்கள் நூல் எல்லாம் கஞ்சியாகிவிடும். டாக்குமெண்டாக அனுப்புங்கள்.

11. வெளியே அனுப்பும் முன்

ஃபிரேம் ஃபிரேமாக வெட்டுபவர்கள் கவனிக்க வேண்டியது: ஒரு விநாடிக்கு மூன்றுக்கு மேல் பளிச்சிட்டால் ஒளியால் வலிப்பு வரும் சிலருக்கு ஆபத்து. அப்படிப் பகுதி இருந்தால் தொடக்கத்தில் எச்சரிக்கை போடுங்கள். திரைப்பட விழாவுக்கு அனுப்பும் குறிப்பிலும் எழுதுங்கள்.

பொதுவில் யூடியூபில் ஏற்றும் அவசரம் வேண்டாம். இணையத்தில் வந்த படத்தை ஏற்காத விழாக்கள் உண்டு. கடவுச்சொல் போட்ட இணைப்பை வைத்துக்கொள்ளுங்கள். இந்த வகைக்கென்றே பெங்களூருவில் எக்ஸ்பெரிமென்டா விழா இருக்கிறது, திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்திர அகாடமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழா இருக்கிறது, ஜெர்மனியில் ஓபர்ஹவுசன் 1954-இலிருந்து குறும்படங்களுக்காக நடக்கிறது. ஒவ்வொன்றின் விதிமுறையையும் அந்த ஆண்டுக்கானதைப் படித்துவிட்டு அனுப்புங்கள்.

தலைப்பு விளக்கம் சொல்லக் கூடாது. ஓவியர் தையப் மேத்தா 1970-இல் மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷனுக்காக எடுத்த படத்துக்கு 'கூடல்' என்று தமிழில் ஒற்றைச் சொல்லை வைத்தார். என் படத்துக்கு முதலில் வைத்த பெயரில் 'கண்ணீர்' இருந்தது. நல்லவேளை, எவரும் பார்க்கும் முன் எடுத்துவிட்டேன். இப்போது 'ஊடை'.

படச்சுருக்கத்தில் "மனித இருப்பின்" என்று தொடங்காதீர்கள். எங்கே, என்ன, எந்த விதியில் என்று மூன்று வாக்கியம் போதும்.

பட்டறையில் உள்ளவர்களுக்குக் காட்ட வேண்டும். தறி ஓடாத நாளில் போங்கள், வேலை நேரத்தில் தறியை நிறுத்தச் சொல்லாதீர்கள். நான் லேப்டாப்பை ஒரு காலி பீமின் (பாவு நூல் சுற்றும் உருளை) மேல் பலகை போட்டு வைத்துக் காட்டினேன். அந்த அண்ணன் முதல் தடவை ஒன்றும் சொல்லவில்லை. இரண்டாம் தடவை ஓரிடத்தில் கை நீட்டி நிறுத்தச் சொன்னார். "இது மூணாம் நம்பர் தறிங்க. சத்தம் அஞ்சாம் நம்பரோடது." வீட்டுக்கு வந்து நோட்டைப் பார்த்தேன், கிளிப் எண் இருந்தது, தறி எண் இல்லை. ரெக்கார்டரில் மூன்றாம் தறியைத் தேட அன்று இரவு முழுக்க ஆனது. ஏழாம் படியின் பட்டியலில் தறி எண் என்ற பத்தி அதற்குப் பிறகு சேர்ந்தது.